பாடம் 9: துப்பறியும் தொடரைப் பற்றிக் கட்டுரை எழுதத் திட்டமிடல்



'நான் விரும்பும் தொலைக்காட்சித் தொடர்' என்னும் தலைப்பில் எழுதுமாறு கூறினால், நம்மில் பலர் ஒரு பகுதியின் கதையை முழுவதுமாக எழுதிவிடுகிறோம். 'ஒருவர் கொலையுண்டார், காவலர் வந்தனர், குற்றவாளி பிடிபட்டார்' என்று அது முடிந்துவிடுகிறது. இது கதைச்சுருக்கமே, கட்டுரை ஆகாது. நடந்ததைக் கூறுவது கதைச்சுருக்கம். நடந்ததைப் பற்றி நாம் கருதுவதைத் தக்க காரணங்களுடன் கூறுவது கட்டுரை.

இந்தியாவில் எந்நகரில் வாழ்ந்தாலும் உங்களுள் பலர் அறிந்திருக்கக்கூடிய 'சி.ஐ.டி.' என்னும் இந்தித் தொடரை எடுத்துக்கொண்டு, கட்டுரைக்குத் திட்டமிடும் முறையைக் காண்போம்.

1. செய்தி திரட்டல்

முதலில் அறிந்தவற்றையெல்லாம் வரிசை பாராமல் குறித்துக்கொள்க.

- சோனி தொலைக்காட்சியில் 1998 ஜனவரியில் தொடங்கி, 2018 அக்டோபர் வரை 1,500-க்கும் மேற்பட்ட பகுதிகள் ஒளிபரப்பாயின. 2024 டிசம்பரில் தொடர் மீண்டும் வந்தது.
- இத்தொடரை உருவாக்கியவர் பி.பி. சிங். கதைக்களம் மும்பை.
- ஏ.சி.பி. பிரத்யுமனாகச் சிவாஜி சாட்டமும், அபிஜீத்தாக ஆதித்ய ஸ்ரீவஸ்தவாவும், தயாவாகத் தயானந்த் ஷெட்டியும் நடித்தனர்.
- தடயவியல் வல்லுநர் சாலுங்கே ஆய்வுக்கூடத்தில் தடயங்களை ஆராய்வார்.
- பூட்டிய கதவைத் தயா உடைப்பார். குற்றத்தை ஒப்புக்கொள்ளாதவரைக் கன்னத்தில் அறைவார்.
- 2004-இல் 111 நிமிடங்கள் கொண்ட ஒரு பகுதி, இடைவெட்டு இன்றி ஒரே தொடர்ச்சியாகப் படமாக்கப்பட்டது.

2. வினா எழுப்பல்

குறிப்புகளை மீண்டும் படியுங்கள். ஒன்றோடொன்று பொருந்தாத இரண்டைத் தேடுங்கள். அங்கேதான் கட்டுரைக்குரிய வினா பிறக்கும்.

ஆய்வுக்கூடத்தில் தலைமுடியும் கைரேகையும் பொறுமையாக ஆராயப்படுகின்றன. விசாரணை அறையிலோ ஓர் அறை விழுந்தவுடன் உண்மை வெளிப்பட்டுவிடுகிறது. அப்படியாயின், குற்றத்தை நிறுவுவது சான்றா, அடியா?

3. மையக்கருத்தை அமைத்தல்

இவ்வினாவுக்கு நீங்கள் தரும் விடையே மையக்கருத்து. அதை ஒரே தொடரில் எழுதுக. எடுத்துக்காட்டாக:

'சான்றைத் தேடக் கற்றுத்தரும் இத்தொடர், சில வேளைகளில் சான்றைவிட அடியை நம்பிவிடுகிறது.'

இக்கருத்தை நிறுவக் காரணம் வேண்டும். அடிக்கு அஞ்சி உண்மையைச் சொல்பவர் உண்டு. அடிக்கு அஞ்சிச் செய்யாத குற்றத்தை ஏற்பவரும் உண்டு. இருவர் சொல்லும் கேட்பவர் செவிக்கு ஒன்றுபோலவே ஒலிக்கும். தொடரில் அறை வாங்குபவரே குற்றவாளி என்பதைக் கதை எழுதியவர் முன்பே முடிவு செய்துவிட்டார். ஆதலால் நாமும் அச்சமின்றிக் கைதட்டுகிறோம். உண்மை வாழ்வில் அம்முடிவை முன்பே அறிந்தவர் எவருமில்லை. அடிபடுபவர் குற்றமற்றவராகவும் இருக்கலாம்.

சட்டமும் இதனை எண்ணியே அமைந்துள்ளது. காவல் அதிகாரியிடம் ஒருவர் அளிக்கும் குற்ற ஒப்புதலை நீதிமன்றத்தில் அவருக்கு எதிராக நிறுவ இயலாது என 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டம் (பிரிவு 25) கூறியது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய சாக்ஷிய அதிநியமும் (பிரிவு 23) அவ்விதியைத் தொடர்கிறது.

4. கொள்வதும் தள்ளுவதும்

இனி ஒவ்வொரு குறிப்பையும் மையக்கருத்தோடு ஒப்பிட்டு, 'இது அதற்கு உதவுமா?' எனக் கேளுங்கள். ஆய்வுக்கூடக் காட்சி உதவும், அறையும் உதவும். 111 நிமிடச் செய்தி வியப்பானது. எனினும் இக்கட்டுரைக்கு உதவாது. அதைத் தள்ளுக. பிடித்த செய்தியைத் தள்ளுவது கடினமே. ஆனால், அதைச் செய்யும்போதுதான் கட்டுரை உருப்பெறும்.

எதிர்க்கருத்துக்கும் இடம் தருக. 'இது பொழுதுபோக்குக் கதைதானே' என ஒருவர் வினவலாம். அவ்வினாவை நீங்களே எழுப்பி விடை கூறினால் கட்டுரை வலுப்பெறும்.

5. குறிப்புச் சட்டகம்

தலைப்பு: சான்றா? அடியா?

- முன்னுரை: தொடரின் அறிமுகம், மையக்கருத்து.
- ஆய்வுக்கூடத்தின் சிறப்பு: தடயம் பேசும் முறை, நீங்கள் கண்ட ஒரு பகுதியிலிருந்து ஒரு சான்று.
- விசாரணை அறையின் குறை: அடியால் பெறும் ஒப்புதலை ஏன் நம்ப இயலாது?
- சட்டத்தின் நிலை: ஒப்புதல் பற்றிய விதி.
- எதிர்க்கருத்தும் விடையும்.
- முடிவுரை: சிலப்பதிகாரத்தோடு ஒப்பீடு.

முடிவுரைக்குச் சிலப்பதிகாரம் ஏன்? பொற்கொல்லனின் சொல்லை நம்பிய பாண்டியன், ஆராயாமல் கோவலனுக்குக் கொலைத்தண்டனை அளித்தான். கண்ணகியோ சான்றோடு வழக்குரைத்தாள். அரசியின் சிலம்பில் இருந்தவை முத்துகள். கண்ணகி உடைத்த சிலம்பிலிருந்து தெறித்தது மாணிக்கம். உண்மை வெளிப்பட்டது, ஆனால், கோவலன் உயிர் மீளவில்லை. இதனை இரண்டு மூன்று வரிகளில் எழுதினால் போதும், முழுக்கதை வேண்டா.

6. சொல்வளம்

இந்தியில் கேட்டுப் பழகிய சொற்களுக்குரிய தமிழ்ச்சொற்களை அறிந்து எழுதுக.

- சபூத் – சான்று
- கவாஹ் – சாட்சி
- ஷக் – ஐயம்
- கூனி – கொலையாளி
- பயான் – வாக்குமூலம்
- பேகுனாஹ் – குற்றமற்றவர்

பயிற்சி

1. கதைச்சுருக்கத்திற்கும் கட்டுரைக்கும் உள்ள வேறுபாட்டை இரண்டு தொடர்களில் எழுதுக.

2. நீங்கள் கண்ட ஏதேனும் ஒரு துப்பறியும் தொடரின் ஒரு பகுதியை நினைவுகூர்க. குற்றவாளி யார் என்பது எதனால் வெளிப்பட்டது? சான்று, சாட்சி, ஒப்புதல் ஆகியவற்றுள் ஒன்றைத் தேர்ந்து காரணம் கூறுக.

3. 'இது பொழுதுபோக்குக் கதைதானே' என்னும் எதிர்க்கருத்துக்கு ஐந்து வரிகளில் விடை எழுதுக.

4. வீட்டிலுள்ள பெரியோரிடம் சிலப்பதிகார வழக்குரை காதையின் கதையைக் கேட்டு அறிந்து, பாண்டியன் கேட்டிருக்க வேண்டிய மூன்று வினாக்களை எழுதுக.

5. உங்கள் மையக்கருத்தை ஒரே தொடரில் எழுதி, அதற்கேற்பக் குறிப்புச் சட்டகம் ஒன்று அமைக்க. பின்னர் 150 சொற்களில் கட்டுரை வரைக.