மகிழுந்தோடு பேசும் திறன்பேசி

நுழையும்முன்

வெளியூர்ப் பயணத்திற்காக வாடகை மகிழுந்து ஒன்றில் ஏறுகிறோம். முன்னிருக்கைகளுக்கு நடுவே தொடுதிரை ஒளிர்கிறது. நமக்குப் பிடித்த பாடலைக் கேட்கலாமே என்று திறன்பேசியை அதனுடன் இணைக்கிறோம். தொடர்பெண்களையும் அழைப்பு வரலாற்றையும் பகிர அனுமதிக்கலாமா என்று திறன்பேசி கேட்கிறது. பாட்டுக் கேட்கும் ஆவலில் 'அனுமதி' என்பதைத் தொட்டுவிடுகிறோம். அந்த ஒரு தொடுதலில் நம்மிடமிருந்து எவை சென்றன? எங்கே தங்கின? இவற்றை அறிந்துகொள்ள முற்படுகிறது இவ்வுரைநடை.

கேட்ட கருவியும் கேட்கும் கருவியும்

மகிழுந்தில் இசை கேட்கும் வழக்கம் திறன்பேசியோடு தொடங்கியதன்று. 1930 ஆம் ஆண்டில் அமெரிக்காவின் சிகாகோ நகரைச் சேர்ந்த கால்வின் நிறுவனம் மகிழுந்துக்கென உருவாக்கிய வானொலியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. அதற்கு 'மோட்டோரோலா' என்று பெயரிட்டது. 'மோட்டார்' என்னும் சொல்லுடன், அக்காலத்து ஒலிக்கருவிப் பெயர்களின் ஈற்றில் நின்ற 'ஓலா' என்பதைச் சேர்த்து ஆக்கிய பெயர் அது. பின்னர் நிறுவனமே அப்பெயரை ஏற்றது. அந்நிறுவனத்தின் பொறியாளர் மார்ட்டின் கூப்பர்தாம் 1973 இல் கையடக்கச் செல்பேசியிலிருந்து முதல் அழைப்பை விடுத்தவர். மகிழுந்து வானொலியைப் பரப்பிய இல்லமே கையடக்கப் பேசிக்கும் பிறந்தகமானது ஒரு சுவையான ஒற்றுமை.

வானொலிக்குப் பின் ஒலிநாடாவும் குறுந்தகடும் வந்தன. இவையெல்லாம் நமக்குக் கொடுத்தனவே தவிர நம்மிடமிருந்து எதையும் கேட்டுப் பெறவில்லை. ஒலிநாடாவை வெளியே எடுத்துவிட்டால் மகிழுந்தில் நம்முடையது என்று எதுவும் எஞ்சாது. திறன்பேசி இணைந்தபோதுதான் இருபுறமும் கொடுக்கல் வாங்கல் தொடங்கியது. மகிழுந்தின் திரை இன்று ஒரு கணினி. அதற்கு நினைவகம் உண்டு.

ஊடலை

கம்பியில்லாமல் இரு கருவிகளை இணைக்கும் முறைகளுள் பெருவழக்கானது புளூடூத். இதனைத் தமிழில் ஊடலை என வழங்குகிறோம். அகப்பாடல்களில் பழகிய கண்ணுக்கு, இச்சொல் 'ஊடல்' என்பது இரண்டாம் வேற்றுமை உருபேற்று நிற்பதுபோலத் தோன்றும். தலைவன் தலைவியின் பிணக்கிற்கும் இதற்கும் தொடர்பில்லை. ஊடு, அலை என்னும் இரு சொற்கள் புணரும்போது நிலைமொழி ஈற்றுக் குற்றியலுகரம் கெட்டு 'ஊடலை' ஆயிற்று.

தெரிந்து தெளிவோம்

புளூடூத் என்பது 10 ஆம் நூற்றாண்டில் டென்மார்க்கை ஆண்ட ஹரால்டு என்னும் மன்னரின் பட்டப்பெயர்; 'நீலப்பல்' என்று பொருள்படும். பிரிந்து கிடந்த மக்களை ஒன்றிணைத்தவர் என்று போற்றப்படும் அவரது பெயரை, வெவ்வேறு நிறுவனங்களின் கருவிகளை ஒன்றிணைக்கும் நுட்பத்திற்கு 1997 இல் இன்டெல் நிறுவனப் பொறியாளர் ஜிம் கர்டாக் முன்மொழிந்தார். தற்காலிகமாக வைத்த பெயரே நிலைத்துவிட்டது. அதன் சின்னம், மன்னரின் பெயர் முதலெழுத்துகள் இரண்டையும் பண்டைய ரூனிக் எழுத்துகளில் எழுதிப் பிணைத்தது.

ஊடலை 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசைப் பகுதியில் இயங்குகிறது. அருகலை எனப்படும் வைஃபை உள்ளிட்ட பல கருவிகளும் அதே பகுதியைப் பயன்படுத்துவதால் அங்கு நெரிசல் மிகுதி. ஒரே இடத்தில் நின்று பேசினால் பிறர் குரலில் நம் குரல் கரைந்துவிடும். எனவே அப்பகுதியை 79 தடங்களாகப் பகுத்துக்கொண்டு, நொடிக்கு 1600 முறை வரை இரு கருவிகளும் தடம் மாறி மாறித் தாவுகின்றன. எந்த வரிசையில் தாவுவது என்பதை இரண்டும் அறிந்திருப்பதால் பேச்சு அறுபடுவதில்லை.

முதன்முறை இணைக்கும்போது மகிழுந்தின் திரையிலும் திறன்பேசியிலும் ஓர் ஆறிலக்க எண் தோன்றும். இரண்டும் ஒன்றுதானா என்று கேட்கும். பலர் எண்ணைப் பாராமலே 'சரி' என்று தொட்டுவிடுகின்றனர். அவ்வெண் வெறும் சடங்கன்று. போக்குவரத்து நெரிசலில் நம்மைச் சுற்றிப் பல வண்டிகள் நிற்கும். ஒவ்வொன்றிலும் ஒரு தொடுதிரை இருக்கலாம். நாம் கைகுலுக்குவது நம் வண்டியோடுதான், இடையில் வேறு கருவி புகவில்லை என்பதற்கு அவ்வெண்ணே சான்று. ஒருமுறை ஒப்புக்கொண்டபின் இரு கருவிகளும் ஒரு மறைதிறவியை நினைவில் வைத்துக்கொள்கின்றன. மறுநாள் வண்டியைக் கிளப்பியதும் தாமாகவே இணைந்துகொள்வது இதனால்தான்.

இணைப்பு ஒன்றாகத் தோன்றினாலும் அதனுள்ளே பல வாயில்கள் உள்ளன. அழைப்பில் பேசுவதற்கு ஒன்று, பாடலைக் கடத்துவதற்கு ஒன்று, தொடர்பெண்களைப் படிப்பதற்கு ஒன்று, குறுஞ்செய்திகளைப் படிப்பதற்கு ஒன்று எனத் தனித்தனி வரையறைகள் வகுக்கப்பட்டுள்ளன. பாடல் கேட்கிறது, ஆனால் அழைப்பு ஒலிபெருக்கியில் வரவில்லை என்று குறைப்படுவோர், திறன்பேசியின் அமைப்புகளில் அந்த மகிழுந்தின் பெயரைத் தொட்டுப் பார்த்தால் காரணம் விளங்கும். அழைப்பு, ஊடக ஒலி, தொடர்பெண் பகிர்வு ஆகியன அங்கே தனித்தனி நிலைமாற்றிகளாக இருக்கும். பழுது என்று எண்ணியது பெரும்பாலும் அடைத்துக் கிடக்கும் ஒரு வாயிலே. பாடல் மட்டும் போதும் என்போர் அந்த வாயிலை மட்டும் திறந்து, ஏனையவற்றை மூடியே வைக்கலாம் என்பதையும் இதிலிருந்து அறியலாம்.

வடமும் திரையும்

யூ.எஸ்.பி. வடத்தால் இணைப்பது மற்றொரு முறை. இதில் ஒரு சிறு நுட்பம் அறியத்தக்கது. வழக்கமான யூ.எஸ்.பி. வடத்தினுள் நான்கு கம்பிகள் இருக்கும். இரண்டு மின்னாற்றலைக் கடத்த. இரண்டு தரவைக் கடத்த. மலிவான சில வடங்களில் முதல் இரண்டு மட்டுமே உண்டு. அவை திறன்பேசிக்கு மின்னேற்றும். ஆனால் மகிழுந்தின் திரையில் எதுவும் தோன்றாது. இணைப்பே கிடைக்கவில்லை என்று பணிமனைக்குச் செல்லுமுன் வடத்தை மாற்றிப் பார்ப்பது நன்று. தெரியாத வண்டியில் மின்னேற்றம் மட்டும் போதுமெனில் அந்த இருகம்பி வடமே பாதுகாப்பானது என்பது இதன் மறுபக்கம்.

2014 ஆம் ஆண்டில் ஆப்பிள் நிறுவனம் கார்பிளே என்பதையும் கூகுள் நிறுவனம் ஆண்ட்ராய்டு ஆட்டோ என்பதையும் அறிவித்தன. இவற்றில் வேலை முழுவதும் திறன்பேசியிலேயே நடைபெறுகிறது. வரைபடத்தைத் தீட்டுவதும் பாடலைத் தேடுவதும் திறன்பேசியே. மகிழுந்தின் திரை திரையரங்கின் வெண்திரை போன்றது; அனுப்பிய காட்சியை ஏற்றுக் காட்டும். ஒரு வேறுபாடு உண்டு: இந்த வெண்திரையை நாம் தொட்டால் தொட்ட இடத்தை அது திறன்பேசிக்குத் திருப்பிச் சொல்லும். வடமின்றி இம்முறையில் இணைக்கும்போது ஊடலை முதலில் அறிமுகம் செய்துவைக்கிறது. காட்சிக்குத் தேவையான மிகுந்த தரவை அருகலையே சுமக்கிறது.

திரையில் தமிழ்

இவ்வேறுபாடு தமிழருக்குத் தனிப்பயன் உடையது. தொடர்பெண்களைத் தமிழில் சேமித்து வைத்திருக்கும் ஒருவர் ஊடலை வழியே இணைக்கும்போது, சில மகிழுந்துகளின் திரையில் பெயர்களுக்குப் பதிலாக வெற்றுக் கட்டங்களே வரிசையாக நிற்கும். பெயர்கள் அழிந்துவிடவில்லை. ஒருங்குறியில் தமிழ் எழுத்துகளுக்கு உரிய எண்கள் சரியாகவே வந்து சேர்ந்துள்ளன. அவற்றைக் காட்டுவதற்குரிய எழுத்துரு அந்த மகிழுந்தில் இல்லை.

எழுத்துரு மட்டும் இருந்தாலும் போதாது. 'கோதை' என்னும் பெயரை எடுத்துக்கொள்வோம். கணினியின் நினைவகத்தில் ககரம் முதலில் வரும். ஓகாரத்தின் உயிர்க்குறி அதன்பின் வரும். காட்டும்போதோ இரட்டைக்கொம்பு ககரத்திற்கு முன்னும் துணைக்கால் பின்னும் நிற்க வேண்டும். 'தை' என்பதிலும் தகரத்தை அடுத்துச் சேமிக்கப்பட்ட இணைக்கொம்பு அதன் முன்னே வந்தாக வேண்டும். இம்முறைமாற்றத்தைச் செய்யத் தனி நிரல் வேண்டும். அது இல்லாத திரையில் கொம்புகள் எழுத்துக்குப் பின்னே தனித்து நிற்கும், படிப்போர் திகைப்பர். கார்பிளே, ஆண்ட்ராய்டு ஆட்டோ வழியே இணைத்தால் காட்சியைத் தீட்டுவது திறன்பேசி என்பதால் கோதை கோதையாகவே தோன்றுகிறாள். இக்குறைக்கு அஞ்சிப் பெயர்களையெல்லாம் ஆங்கிலத்தில் மாற்றி எழுதுவோர் உளர். குறை மொழியினுடையதன்று, வாங்குவோர் கேட்டால் செய்து தரக்கூடிய ஒன்றைச் செய்யாது விட்ட உற்பத்தியாளருடையது.

தங்கிவிடுபவை

ஊடலை வழியே தொடர்பெண்களைப் பகிர அனுமதித்தால், பல மகிழுந்துகள் அப்பட்டியலைத் தம் நினைவகத்தில் படியெடுத்துக்கொள்கின்றன. யார் அழைக்கிறார் என்பதை உடனே திரையில் காட்டுவதற்கு இது உதவுகிறது. பயணம் முடிந்து நாம் இறங்கிச் சென்றபின் அப்படி என்னவாகும்? திறன்பேசியின் பட்டியலிலிருந்து மகிழுந்தை நீக்கினால் இணைப்பு அறும். மகிழுந்தினுள் படியெடுத்து வைத்தது அதனால் அழியாது. மகிழுந்தின் திரையிலும் நம் திறன்பேசியின் பெயரைத் தேடி நீக்க வேண்டும். வழிகாட்டியில் நாம் தேடிய முகவரிகள் மகிழுந்திலேயே பதிந்திருந்தால் அவற்றையும் துடைக்க வேண்டும். வாடகை வண்டியைத் திருப்பித் தருமுன் இவ்வாறு செய்யுமாறு அமெரிக்காவின் கூட்டாட்சி வணிக ஆணையம் தன் மக்களுக்கு அறிவுறுத்தியுள்ளது. சொந்த வண்டியை விற்போர் தனித்தனியாக நீக்குவதைவிடத் திரையின் அமைப்புகளில் உள்ள தொழிற்சாலை நிலைக்கு மீட்டமைக்கும் வசதியைப் பயன்படுத்துவது எளிது. வண்டியைக் கழுவித் துடைத்து, இருக்கைக்கு அடியில் விழுந்த நாணயத்தைக்கூடத் தேடி எடுப்போர் இதனை மறந்துவிடுகின்றனர்.

'என்னிடம் மறைப்பதற்கு என்ன இருக்கிறது?' என்று சிலர் வினவலாம். தொடர்பெண் பட்டியலில் உள்ளவை நம்முடைய எண்கள் அல்ல. தோழியின் எண், ஆசிரியரின் எண், மருத்துவமனையில் இருக்கும் உறவினரின் எண் ஆகியனவே அதில் உள்ளன. அவர்கள் நம்மை நம்பித் தந்தார்கள்; முன்பின் அறியாத வண்டியை நம்பித் தரவில்லை. அந்தரங்கம் அரசியலமைப்பு காக்கும் அடிப்படை உரிமை என்று இந்திய உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அமர்வு 2017 ஆகஸ்ட்டில் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. அவ்வுரிமை நமக்கு மட்டும் உரியதன்று. நம் பட்டியலில் இருக்கும் ஒவ்வொருவருக்கும் உரியது.

கை ஓய்ந்தாலும் மனம் ஓயாது

திறன்பேசியைக் கையில் பிடிக்காமல் பேசினால் இடரில்லை என்ற நம்பிக்கை பரவலாக உள்ளது. அமெரிக்காவின் யூட்டா பல்கலைக்கழக உளவியல் பேராசிரியர் டேவிட் ஸ்டிரேயர் 2001 இல் தம் உடனாய்வாளருடன் வெளியிட்ட ஆய்வு அந்நம்பிக்கையை அசைத்தது. கையில் பிடித்துப் பேசினாலும் பிடிக்காமல் பேசினாலும் ஓட்டுநரின் கவனம் ஏறத்தாழ ஒரே அளவில் குன்றியது. அவர் குழுவினர் அமெரிக்க மோட்டார் வாகனக் கழகத்தின் ஆய்வு அறக்கட்டளைக்காகச் செய்து 2015 இல் வெளியான மற்றோர் ஆய்வு, குரல் கட்டளை அமைப்புகளைச் சோதித்தது. கட்டளை கொடுத்து முடித்த பின்னரும், சிதறிய கவனம் முழுமையாகத் திரும்புவதற்கு 27 நொடிகள் வரை ஆகலாம் என்பது அதன் முடிவு.

இதனைத் தொலைவாக மாற்றிப் பார்த்தால்தான் பொருள் விளங்கும். மணிக்கு 60 கி.மீ. வேகத்தில் செல்லும் மகிழுந்து 27 நொடிகளில் 450 மீட்டரைக் கடந்துவிடும். நம் ஊர்களில் அத்தொலைவுக்குள் ஒரு பள்ளி வாயிலும் பேருந்து நிறுத்தமும் வந்துவிடலாம். ஓட்டுநர் திரையில் கண் பதிக்கும் ஒவ்வொரு பார்வையும் 2 நொடிக்கு மேல் நீளாதவாறும், ஒரு வேலைக்கான பார்வைகள் எல்லாம் சேர்ந்து 12 நொடிக்கு மிகாதவாறும் கருவிகளை வடிவமைக்க வேண்டும் என்று அமெரிக்க நெடுஞ்சாலைப் பாதுகாப்பு நிறுவனம் 2013 இல் உற்பத்தியாளர்களுக்கு வழிகாட்டியது. அந்த 2 நொடியில்கூட மேற்சொன்ன மகிழுந்து 33 மீட்டர் ஓடியிருக்கும்.

அப்படியெனில் அருகில் இருப்பவருடன் பேசுவதும் தீங்குதானே என்று கேட்கலாம். அருகில் இருப்பவரும் சாலையைப் பார்க்கிறார். குறுக்கே மாடு வந்தால் பேச்சைத் தாமே நிறுத்துகிறார். சில வேளைகளில் ஓட்டுநரை எச்சரிக்கவும் செய்கிறார். தொலைவில் இருந்து பேசுபவருக்கு மாடு தெரியாது.

நம் நாட்டில் 2019 இல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தின் 184 ஆம் பிரிவு, ஓட்டும்போது தகவல்தொடர்புக் கருவியைக் கையில் வைத்துப் பயன்படுத்துவதை ஆபத்தான ஓட்டுதலில் சேர்க்கிறது. முதன்முறைக் குற்றத்திற்கு 6 மாதம் முதல் ஓராண்டு வரை சிறை, அல்லது 1,000 முதல் 5,000 ரூபாய் வரை தண்டம், அல்லது இரண்டும் விதிக்கலாம். கவனம் கலையாத வகையில் வழியறிவதற்கு மட்டும் பயன்படுத்த 2020 இல் விதிகள் இடமளித்தன. சட்டம் கையைப் பற்றிப் பேசுகிறது; மனத்தை அளக்கும் கருவி காவலரிடம் இல்லை. ஆகவே இணைப்பதையும் செல்லுமிடத்தை உள்ளிடுவதையும் பாடலைத் தேர்வதையும் வண்டி கிளம்புமுன் முடித்துக்கொள்வதே முறை. இடையில் மாற்ற நேர்ந்தால் அவ்வேலை பக்கத்து இருக்கையில் இருப்பவருக்கு உரியது. பதினோராம் வகுப்பு மாணவராகிய நீங்கள் இப்போது பெரும்பாலும் அந்த இருக்கையில்தான் அமர்ந்திருப்பீர்கள்.

கற்பவை கற்றபின்...

உங்கள் வீட்டிலோ உறவினரிடமோ உள்ள ஒரு திறன்பேசியின் ஊடலைப் பட்டியலைப் பார்த்து, அதில் இன்று பயன்பாட்டில் இல்லாத கருவிகள் எத்தனை உள்ளன, அவற்றுள் எவற்றுக்குத் தொடர்பெண் பகிர்வு திறந்திருக்கிறது என்று குறித்து வருக.

கெ, கே, கை, கொ, கோ, கௌ ஆகியவற்றில் கையால் எழுதும் வரிசைக்கும் ஒருங்குறியில் சேமிக்கும் வரிசைக்கும் உள்ள வேறுபாட்டை அட்டவணையாக்குக.