உப்பும் சர்க்கரையும் காத்த உயிர்கள்



பிள்ளைக்கு வயிற்றுப்போக்கு வந்தால் "பாட்டில் ஏத்தினாத்தான் பிழைக்கும்" என்போம். வாயால் குடித்தாலே போதும் என்று கணக்கோடு காட்டியவர் குழந்தை மருத்துவர் திலீப் மகலநாபிஸ்.

1971, வங்கதேசப் போர். மேற்கு வங்காளத்தில் பன்காவ் அகதிகள் முகாமில் காலரா பரவியது. ஏற்றுவதற்கு இருந்த சலைன் பாட்டில்கள் தீரும் நிலை. டாக்டர் உப்பு, சமையல் சோடா, குளுக்கோஸ் மூன்றையும் அளந்து தண்ணீரில் கரைத்து டிரம்களில் வைத்தார். தாய்மாரும் உறவினருமே மோந்து குடிக்கக் கொடுத்தார்கள்.

எத்தனை பேர் வந்தார்கள், எத்தனை பேர் இறந்தார்கள் என்று எழுதியும் வைத்தார். நூற்றுக்கு 30 வரை இருந்த சாவு 4-க்கும் கீழே இறங்கியிருந்தது. பல டாக்டர்கள் நம்பவில்லை. 1973-ல் கணக்கை வெளியிட்டார். பிறகு உலகமே ஏற்றுக்கொண்டது. 2022-ல் அவர் காலமானார்.

நம்ம குழு நோட்டு மாதிரிதான். வாய்ப்பேச்சு நிற்காது, எழுதின கணக்கு நிற்கும்.

நினைவில் வைக்க:
1. ஓ.ஆர்.எஸ். பாக்கெட்டை அதில் போட்டிருக்கும் அளவு சுத்தமான தண்ணீரில் முழுசாகக் கரைக்கணும். கரைசலை 24 மணி நேரத்துக்கு மேல் வைக்கக்கூடாது.
2. தாய்ப்பாலை, சாப்பாட்டை நிறுத்தக்கூடாது.
3. பிள்ளை துவண்டு போனால், குடிக்க முடியாவிட்டால், மலத்தில் ரத்தம் வந்தால் உடனே ஆஸ்பத்திரி.

கூட்டத்தில் பேச: உங்கள் வீட்டில் இன்று ஓ.ஆர்.எஸ். பாக்கெட் இருக்கிறதா?