கையெழுத்துக்குக் கிராக்கி உள்ள ஊரில்: ஆக்குபேஷனல் தெரபிக்கு வரும் பிள்ளைகளுக்கு

இன்டர்ன்ஷிப் முடித்துவிட்டு வருகிற பிள்ளைகள் என்னிடம் கேட்கிற முதல் கேள்வி, "மேடம், லைசென்ஸ் எங்க வாங்கறதுங்க?" என்பதுதான். கோயம்புத்தூரில் படித்தவர், வேலூரில் படித்தவர், காட்டாங்குளத்தூரில் படித்தவர் எல்லாருக்கும் இதே கேள்வி. வாங்கும் வழியைச் சொல்ல அரைப் பக்கம் போதும். வாங்கியதைக் காப்பாற்றுவதைப் பற்றித்தான் பேச நிறைய இருக்கிறது. திருப்பூர், அவிநாசி, பல்லடம் பக்கமெல்லாம் நம் கையெழுத்துக்கு ஏகப்பட்ட கிராக்கி. அதை மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

1. சட்டத்தை ஒரு தடவையாவது உட்கார்ந்து படியுங்கள். அமெரிக்காவில் பிறந்து இந்த நாட்டுக்கு மருமகளாக வந்த கமலா நிம்ப்கர், பம்பாய் கே.இ.எம். மருத்துவமனையில் 1950-இல் நம் படிப்பைத் தொடங்கினார். 1952-இல் நம் தொழிலுக்கான அகில இந்திய சங்கம் உருவானது. அதே ஆண்டு உலகக் கூட்டமைப்பைத் தொடங்கிய நாடுகளில் நாமும் உண்டு. ஆனால் நாடு முழுமைக்குமான ஒரு சட்டம் வருவதற்கு 2021 ஆயிற்று. டெல்லி 1997-லேயே தனிச் சட்டம் போட்டுவிட்டது, மகாராஷ்டிரம் 2002-இல் போட்டது. நம் பக்கத்தில் என் வயதுக்காரர்கள் பட்டச் சான்றிதழையும் சங்க உறுப்பினர் எண்ணையும் காட்டியே காலத்தை ஓட்டினோம். யாராவது "உங்க ரிஜிஸ்ட்ரேஷன் நம்பர்?" என்று கேட்டால் அந்த உறுப்பினர் எண்ணைத்தான் சொல்வோம்.

இப்போது துணை மருத்துவ, சுகாதாரத் தொழில்களுக்கான தேசிய ஆணையச் சட்டம் இருக்கிறது. அதன் பட்டியலில் பத்து வகைத் தொழில்கள். பிசியோதெரபி ஒரு வகை, நாம் வேறு வகை. பதிவுப் படிவத்தில் இதை மாற்றிக் குறித்துவிடாதீர்கள். சுகாதாரத் தொழிலர் என்ற நிலைக்குக் குறைந்தது 3,600 மணி நேரப் படிப்பு வேண்டும் என்கிறது சட்டம். நம் நாலரை ஆண்டுப் பட்டம் அதற்குத் தாராளமாகப் போதும். ஒவ்வொரு மாநிலத்துக்கும் ஒரு மன்றம், அதன் கையில் மாநிலப் பதிவேடு, அதற்கு மேல் மத்தியப் பதிவேடு என்பதுதான் ஏற்பாடு. மாநிலங்கள் இழுத்தடித்ததால், 2024 அக்டோபர் 12-க்குள் நடைமுறைப்படுத்துங்கள் என்று உச்ச நீதிமன்றமே கெடு வைக்க வேண்டியிருந்தது. பதிவேட்டில் இல்லாமலே பதிவு பெற்றவர் என்று சொல்லிக்கொண்டால் முதல் தடவையே 50,000 ரூபாய் வரை அபராதம் உண்டு. படிவம், கட்டணம், கடைசித் தேதி மூன்றையும் மன்றத்தின் அறிவிப்பில் நேரடியாகப் பாருங்கள். வாட்ஸ்அப் குரூப்பில் வரும் பார்வர்டை நம்பிப் பணம் கட்டாதீர்கள்.

2. சங்கத்தில் சேருங்கள், ஆனால் சங்க உறுப்பினர் அட்டை வேறு, சட்டப்படியான பதிவு வேறு. இந்திய மறுவாழ்வு மன்றம் சிறப்பாசிரியர்களுக்கும் பேச்சு, செவித்திறன் தெரபிஸ்டுகளுக்கும் உரியது. அங்கே போய் நம் பெயரைத் தேடாதீர்கள்.

3. பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழை மேசை மேல் வைத்து, அதில் உள்ள பெயரை மற்ற எல்லாத் தாளோடும் எழுத்து எழுத்தாக ஒப்பிடுங்கள். சிரிக்காதீர்கள். நம் ஊர்ப் பிள்ளைகளின் விண்ணப்பம் திரும்பி வருவதற்கு இனிஷியலைப் போல வேறு காரணம் கிடையாது. பள்ளிச் சான்றிதழில் ஒற்றை இனிஷியல் இருக்கும். ஆதாரில் அப்பா பெயர் முழுசாக இருக்கும். பாஸ்போர்ட்டில் அப்பா பெயரே சர்நேமாக உட்கார்ந்திருக்கும். கல்யாணம் ஆனதும் வங்கிக் கணக்கில் வீட்டுக்காரர் இனிஷியல் வந்துவிடும். ஒரு பெண், நான்கு பெயர். கவிதாவுக்கு ஆங்கிலத்தில் 'எச்' உண்டா இல்லையா என்பதில் சான்றிதழுக்குச் சான்றிதழ் வேறுபாடு.

துபாய், அபுதாபி போக நினைக்கிறவர்களுக்கு இது இன்னும் கழுத்தைப் பிடிக்கும். டேட்டாப்ளோ என்ற நிறுவனம் உங்கள் சான்றிதழைப் பல்கலைக்கழகத்துக்கே அனுப்பிச் சரிபார்க்கும். அங்கே உள்ள பெயரும் பாஸ்போர்ட்டில் உள்ள பெயரும் பொருந்தாவிட்டால் விளக்கம் கேட்டே மாதங்கள் போய்விடும். திருத்த வேண்டியதைப் படிக்கும்போதே பல்கலைக்கழகத்தில் திருத்துங்கள். பெயரையே மாற்றுவதென்றால் எழுதுபொருள் அச்சுத் துறை வெளியிடும் அரசிதழில் வரச் செய்து, அந்த இதழைப் பத்திரமாக வையுங்கள்.

கூடவே ஒன்று: இன்டர்ன்ஷிப் முடித்த சான்றிதழில் எந்தப் பிரிவில் எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை, எத்தனை மணி நேரம் என்று எழுதி வாங்குங்கள். களப்பயிற்சிக்கு உலகக் கூட்டமைப்பு குறைந்தது 1,000 மணி நேரம் கேட்கிறது. கல்லூரியில் அந்த எச்.ஓ.டி. இருக்கும்வரைதான் அந்தக் காகிதம் சுலபமாகக் கிடைக்கும்.

4. பெயரை வாடகைக்கு விடாதீர்கள். மருந்துக் கடைக்கு பார்மசி சர்டிபிகேட்டை வாடகைக்கு விடும் பழக்கம் நாடறிந்தது. அது இப்போது நம் வாசலுக்கும் வந்திருக்கிறது. குழந்தைகளுக்கான தெரபி மையம் தெருவுக்கு ஒன்று என்று வந்தபிறகு இந்தப் பேச்சு உங்கள் காதிலும் விழும்: "நீங்க வரவே வேண்டாங்க மேடம். போர்டுல பேரு மட்டும் இருந்தாப் போதுங்க. மாசமானா அக்கவுண்டுல விழுந்துரும்."

அங்கே தெரபி பண்ணுவது யார்? பிளஸ் டூ முடித்துவிட்டு, நாலு வாரம் பார்த்துப் பழகின ஒரு பெண்ணாக இருக்கலாம். அந்தப் பெண் மேல் தப்பில்லை, வயிற்றுப்பாட்டுக்கு வந்தவள். கூரையில் ஊஞ்சல் மாட்டிய கொக்கி எவ்வளவு எடை தாங்கும் என்று அவளுக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். வலிப்பு வரலாறு உள்ள குழந்தையை ஊஞ்சலில் வைத்துச் சுற்றலாமா என்று அவளுக்குத் தெரியாது. குழந்தை விழுந்தால் போலீஸ் பார்ப்பது போர்டைத்தான். அதில் இருப்பது உங்கள் பெயர்.

சொந்தமாக மையம் திறப்பவர்கள் இன்னொன்றையும் நினைவில் வையுங்கள். உங்கள் பதிவு உங்களுக்கு. இடத்துக்கு என்ன பதிவு வேண்டும் என்பது தமிழ்நாடு மருத்துவ நிறுவனங்கள் சட்டம், 1997 சம்பந்தப்பட்டது. நலப்பணிகள் இணை இயக்குநர் அலுவலகத்தில் விசாரித்துவிட்டு அட்வான்ஸ் கொடுங்கள். டைல்ஸ் ஒட்டிய பிறகு விசாரிக்கிறவர்கள்தான் இங்கே அதிகம்.

5. நீங்கள் எழுதக்கூடாத சான்றிதழ்கள் சில உண்டு. ஊனத்தின் சதவீதம் போடுவது 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டப்படி அதிகாரம் பெற்ற மருத்துவர்களின் வேலை. ஈ.எஸ்.ஐ.யில் மீண்டும் வேலைக்குப் போகலாம் என்ற சான்று இன்ஷூரன்ஸ் மெடிக்கல் ஆபீசர் தருவது. நிரந்தர ஊனத்தை முடிவு செய்வது மெடிக்கல் போர்டு. ஆட்டிசம் என்று நீங்களாகவே லெட்டர்ஹெட்டில் எழுதிக் கொடுக்காதீர்கள், அம்மா எவ்வளவு கெஞ்சினாலும். உங்களுடையது செயல்திறன் அறிக்கை. என்ன செய்ய முடிகிறது, என்ன செய்ய முடியவில்லை, எப்படி அளந்தீர்கள் என்பது மட்டும். அதை ஒழுங்காக எழுதினால் போர்டில் உட்கார்ந்திருக்கும் டாக்டரே அதை ஒன்றுக்கு இரண்டு தடவை படிப்பார்.

6. அந்த அறிக்கையை எப்படி எழுதுவது என்பதற்கு ஒரு பனியன் கம்பெனி கட்டிங் மாஸ்டரின் கையைச் சொல்கிறேன். கட்டிங் டேபிளில் வலது கை மெஷினைத் தள்ளும், இடது கை துணி அடுக்கை அழுத்திப் பிடிக்கும். அதனால் வெட்டுப்படுவது பெரும்பாலும் இடது கைதான். அதற்காகவே ஸ்டீல் கிளவுஸ் உண்டு. பல கம்பெனியில் அது பக்கத்துச் சுவரில் ஆணியில் தொங்கும். இவருக்கு இடது கையில் ஆள்காட்டி விரலும் நடுவிரலும். மடக்குகிற நரம்பு என்று ஜனங்கள் சொல்லும் டெண்டன் இரண்டும் அறுந்து, தைத்து, ஸ்பிளின்ட் போட்டு என்னிடம் வந்தார்.

ஆறாவது வாரம் கம்பெனி எச்.ஆர். அவரோடு சேர்ந்து வந்தார், கையில் ஒரு தாளோடு. 'வேலைக்குத் தகுதியானவர்' என்று டைப் அடித்திருந்தது, கையெழுத்துதான் பாக்கி. எச்.ஆரைவிட மாஸ்டர்தான் அதிகம் அவசரப்பட்டார். வேலையில் பட்ட காயத்துக்கு ஈ.எஸ்.ஐ. சம்பளத்தில் 90 சதவீதம் தருகிறது, உண்மைதான். ஆனால் அது ஏட்டில் உள்ள சம்பளத்தில் 90 சதவீதம். சீசன் நேரத்தில் ஒன்றரை ஷிப்ட் பார்த்து, கையில் வாங்கியது அந்த ஏட்டில் ஏறியிருக்காது. சனிக்கிழமை சம்பளம் வராத வீட்டில் மளிகைக் கடைக்காரர் முகத்தைப் பார்க்க முடியாது. "போட்ருங்க மேடம், நான் பாத்துக்கறேனுங்க" என்றார்.

ஆறு வாரத்தில் தைத்த டெண்டன் முழுப் பலத்துக்கு வந்திருக்காது. அழுத்திப் பிடிக்கிற வேலைக்குப் பொதுவாகப் பன்னிரண்டு வாரமாவது ஆகும். நடுவில் அறுந்தால் மறுபடி ஆபரேஷன், அதற்குப் பிறகு விரல் பழையபடி மடங்கும் என்று யாரும் உறுதி தர முடியாது. நான் அந்தத் தாளை மடித்து எச்.ஆரிடமே கொடுத்துவிட்டு என் படிவத்தில் எழுதினேன். ஒவ்வொரு மூட்டும் எத்தனை டிகிரி மடங்குகிறது, எத்தனை டிகிரி நீள்கிறது. பிடிவலிமை இன்னும் அளக்கப்படவில்லை, காரணம் டெண்டன் ஆறும் கட்டம். செக்கிங் டேபிளில் உட்கார்ந்து, வலது கையால் பீஸ் புரட்டி அளவு பார்க்கும் வேலை இப்போதே முடியும். துணி அடுக்கை அழுத்துவது, பண்டல் தூக்குவது, மெஷின் பிடிப்பது கூடாது. மறுபடி பார்க்கும் தேதி இன்னது. தேதி, நேரம், முழுப் பெயர், பதிவு எண், கையெழுத்து. "இவ்வளவு எழுதினா எப்படிங்க, ஒரு வரி போதுங்களே" என்றார் எச்.ஆர். ஆனாலும் வாங்கிக்கொண்டு போனார். அடுத்த வாரம் மாஸ்டர் செக்கிங்கில் உட்கார்ந்தார், சம்பளம் கொஞ்சம் குறைவுதான்.

எழுதும்போது ஒயிட்னர் கூடாது. தப்பானால் ஒற்றைக் கோடு போட்டு அடித்து, பக்கத்தில் சுருக்கொப்பம் போடுங்கள். நோயாளி வராத நாளையும் எழுதுங்கள். நீங்கள் பார்க்காத செஷனுக்கு ஒருநாளும் கையெழுத்துப் போடாதீர்கள், சீனியர் சொன்னாலும் சரி. "எல்லாரும் போடறதுதாம்மா" என்பார்கள். விசாரணை என்று வந்தால் அந்த எல்லாரும் வர மாட்டார்கள்.

7. குழந்தைகளிடம் வேலை செய்பவர்களுக்குத் தனியாக. ஆறு மாதத்தில் பேச வைக்கிறேன், ஒரு வருடத்தில் ஸ்கூலில் சேர்க்கிறேன் என்று வாக்குக் கொடுக்காதீர்கள். தெரபி பண்ணும் குழந்தையை ரீல்ஸ் எடுத்துப் போடாதீர்கள். அம்மா சரி என்றாலும், அந்தப் பிள்ளை பெரியவனானபின் அது இருக்கும். குழந்தைக்குப் பாலியல் தொல்லை நடந்திருப்பது உங்களுக்குத் தெரியவந்தால் 2012-ஆம் ஆண்டு போக்சோ சட்டப்படி போலீஸில் சொல்லியே ஆக வேண்டும். சொல்லாமல் விடுவதே குற்றம். "குடும்ப மானம்" என்று பெரியவர்கள் காலைப் பிடித்தாலும் அதில் உங்களுக்குத் தேர்வு இல்லை.

இங்கே அம்மா கம்பெனியில் பவர் டேபிளில் தைத்துக்கொண்டிருப்பார், குழந்தையைக் கூட்டி வருவது அம்மாயியோ அப்பத்தாவோதான். வீட்டுப் பயிற்சியை அந்த அப்பத்தாவுக்குப் புரியும்படி கொடுங்கள். இறக்குமதி பொம்மை வேண்டாம். பனியன் வேஸ்ட் துணி எல்லா வீட்டிலும் கிடக்கிறது. நிறம் பிரித்துப் போட, இழுத்துப் பிடிக்க, முறுக்கிப் பிழிய அதைவிட நல்ல சாமான் எது?

8. பெயருக்கு முன்னால் 'டாக்டர்' போடலாமா என்று என்னைக் கேட்காதீர்கள். 2025 செப்டம்பரில் பிசியோதெரபிஸ்டுகள் போடக்கூடாது என்று மத்திய சுகாதார இயக்குநரகம் கடிதம் எழுதி, எழுதிய சூட்டிலேயே திரும்பப் பெற்றது. அந்தச் சண்டையை வக்கீல்கள் பார்த்துக்கொள்ளட்டும். போர்டில் படிப்பைப் போடுங்கள், பதிவு எண்ணைப் போடுங்கள்.

9. படிப்பை நிறுத்தாதீர்கள், படித்ததற்குக் காகிதம் வையுங்கள். பிரிட்டனில் நம் தொழிலுக்கு ஈராண்டுக்கு ஒருமுறை பதிவைப் புதுப்பிக்க வேண்டும். அப்போது 2.5 சதவீதம் பேரைக் குலுக்கலில் எடுத்து, இந்த ஈராண்டில் என்ன கற்றாய், அதனால் நோயாளிக்கு என்ன லாபம் என்று எழுதிக் காட்டச் சொல்கிறார்கள். சும்மா மாநாட்டில் கையெழுத்துப் போட்டு, மதியம் பிரியாணி சாப்பிட்டுவிட்டு வந்தது அங்கே செல்லாது. இங்கேயும் தொடர்கல்விப் புள்ளிகள் இருக்கின்றன, சேருங்கள். என்னைக் கேட்டால் ஒரு நாள் கம்பெனிக்குள் போய் நில்லுங்கள் என்பேன். ஓவர்லாக் டைலரின் தோளை, பிசிர் வெட்டும் பெண்ணின் கட்டைவிரலை, அயர்னிங் ஆளின் முதுகை அங்கே பார்க்காமல் மணிக்கட்டு வலிக்கு உடற்பயிற்சித் தாள் கொடுப்பதில் அர்த்தமில்லை. அந்த நாளைக்கும் ஒரு பக்கம் குறிப்பு எழுதி, பைலில் போட்டு வையுங்கள்.

அந்தக் கம்பெனிகளில் வேலை பார்க்கும் ஒடிசா, பீகார் ஆட்கள் சிகிச்சைக்கு வரும்போது ஒப்புதல் படிவத்தை இந்தியிலாவது வைத்திருங்கள். தமிழ்ப் படிவத்தில் கைநாட்டு வாங்குவது ஒப்புதல் ஆகாது.

10. ஊர் மாறினால் மன்றத்துக்குச் சொல்லுங்கள். மும்பைக்கோ டெல்லிக்கோ வேலைக்குப் போனால் அங்கே உள்ள மன்றத்தின் விதியைக் கேட்டுவிட்டு முதல் நோயாளியைத் தொடுங்கள். அமெரிக்கா என்றால் தேசியத் தேர்வு எழுதினாலும் மாநிலத்துக்கு மாநிலம் தனி லைசென்ஸ். டெக்சாஸில் வாங்கியதை வைத்துக்கொண்டு நியூஜெர்சியில் வேலை பார்க்க முடியாது. கல்யாணமாகி, வாடகை வீடு மாறி, போன் நம்பரும் மாறிய பிறகு புதுப்பிக்கும் நோட்டீஸ் பழைய முகவரிக்குப் போய்க்கொண்டே இருக்கும். இமெயிலாவது மாறாத ஒன்றாக வைத்து, அதன் பாஸ்வேர்டை வீட்டில் யாரிடமாவது எழுதிக் கொடுத்துவிட்டுப் போங்கள்.