கண்ணை அடிக்கடி சிமிட்டினா பொய்யா?

இந்த வார எபிசோடில் முகத்தைப் படிக்கும் ஏஐ பற்றிப் பேசினோம். அதில் ஒரு கேள்வியை மட்டும் இங்கே கொஞ்சம் விரிவா பார்ப்போம்: ஒருத்தர் படபடன்னு கண் சிமிட்டினா அதுக்கு என்ன அர்த்தம்?

முதல்ல கணக்கு

சாதாரணமா ஒரு நிமிஷத்துக்கு 15 முதல் 20 தடவை கண் இமைக்கிறோம். ஒவ்வொரு தடவையும் இமை, கார் வைப்பர் மாதிரி கண்ணைத் துடைத்து, மேலே கண்ணீரை மெல்லிய படலமாகப் பூசிவிடுகிறது.

எதையாவது உத்துப் பார்த்தா இந்த வேலை குறைஞ்சிடும். 1993-ல் ஜப்பானிய ஆய்வாளர்கள் அலுவலக ஊழியர்களிடம் எண்ணிப் பார்த்தாங்க. சும்மா இருக்கும்போது நிமிஷத்துக்கு 22, புத்தகம் படிக்கும்போது 10, கம்ப்யூட்டர் திரை முன்னாடி வெறும் 7. இமைப்பது குறைஞ்சா கண் காயும், எரியும். அதைச் சமாளிக்கத்தான் அப்புறம் அடிக்கடி சிமிட்டுறோம்.

வேற காரணங்கள்

மகரந்த ஒவ்வாமை, பார்வைக் குறைபாடு, தூக்கமின்மை, பதற்றம் எல்லாமே காரணமாகலாம். சின்னப் பிள்ளைகளுக்கு 'டிக்' என்று சொல்லப்படும், தன்னையறியாமல் வரும் அசைவாகவும் இருக்கலாம். பெரும்பாலும் அது தானாகவே போயிடும். வீட்டில் தம்பி தங்கச்சி அப்படிச் சிமிட்டினா, "சிமிட்டாதே!"ன்னு அதட்டாதீங்க. அதட்டினா கூடத்தான் செய்யும்.

அப்போ பொய்?

2008-ல் வெளிவந்த ஒரு பிரிட்டிஷ் ஆய்வில், பொய் சொல்லும்போது சிமிட்டுவது குறைந்தது. சொல்லி முடித்த பிறகுதான் கூடியது. பொய்யைக் கோர்வையாகச் சொல்ல மூளை மெனக்கெடுகிறது. உண்மையிலேயே கஷ்டமான கணக்கைப் போடுறவருக்கும் மூளை மெனக்கெடத்தான் செய்யும். அதனால சிமிட்டலை மட்டும் வச்சு எதையும் முடிவு பண்ண முடியாது.

சிமிட்டவே இல்லைன்னா?

நளவெண்பாவில் ஒரு காட்சி உண்டு. தமயந்தியின் சுயம்வரத்துக்குத் தேவர்கள் நளன் வேஷத்தில் வந்து உட்கார்ந்திருப்பாங்க. கண் இமைப்பவன், கால் தரையில் படுபவன், மாலை வாடுபவன் யாரோ அவன்தான் உண்மையான நளன்னு தமயந்தி கண்டுபிடிப்பாள். தேவர்களுக்குத் தமிழில் 'இமையவர்' என்றே ஒரு பேர் இருக்கு.

2018-ல் அமெரிக்காவின் ஆல்பனி பல்கலைக்கழகத்தில் ஸிவே லியூ குழுவினர் டீப்ஃபேக்கைப் பிடிக்க இதே வழியைத்தான் கையாண்டாங்க. இணையத்தில் கிடைக்கும் படங்களில் மூடிய கண்கள் அபூர்வம். அந்தப் படங்களைப் பார்த்துக் கற்ற ஏஐ செய்த முகங்கள் சரியா இமைக்கலை. ஆனா சீக்கிரமே இமைக்கிற டீப்ஃபேக்கும் வந்துடுச்சு. தமயந்தி மூணு அடையாளம் பார்த்தது சும்மா இல்ல!

இது ஏன் நமக்கு முக்கியம்?

2016 முதல் 2019 வரை, ஐரோப்பிய ஒன்றியத்தின் நிதியில் 'ஐபார்டர்கண்ட்ரோல்' என்ற திட்டம் நடந்தது. பயணிகளின் முக அசைவுகளை வைத்து அவர்கள் பொய் சொல்கிறார்களா என்று கணிப்பது அதன் ஒரு பகுதி. ஹங்கேரி, கிரீஸ், லாட்வியா எல்லைகளில் சோதனையும் நடந்தது.

இப்போ யோசிச்சுப் பாருங்க. பத்து மணி நேரம் விமானத்தின் காய்ந்த காற்றில், தூக்கம் இல்லாமல் வந்து இறங்குற நம்ம அம்மம்மா, புரியாத மொழியில் கேள்வி கேட்கிற கேமரா முன்னாடி நிற்கிறாங்க. கண் படபடக்காதா? அவங்க கண் காய்ஞ்சிருக்கு, அவ்வளவுதான். அதை அந்தக் கேமரா எப்படி எடுத்துக்கும்?

யாராவது "எங்க ஆப் முகத்தைப் பார்த்தே நேர்மையைச் சொல்லிடும்"னு வந்தா இரண்டு கேள்வி கேளுங்க. இவர் வழக்கமா எவ்வளவு சிமிட்டுவார்னு அதுக்குத் தெரியுமா? வேற காரணம் இருக்கான்னு பார்த்துச்சா?

உங்க கண்ணுக்கு

20 நிமிஷத்துக்கு ஒரு தடவை, 20 அடி தள்ளி இருக்கிற ஏதாவது ஒண்ணை 20 விநாடி பாருங்க. சிவப்பு, வலி, வெளிச்சம் பார்த்தா கூசுவது, பார்வை மங்கல் இருந்தாலோ, சிமிட்டல் வாரக்கணக்கில் நீடித்தாலோ கண் டாக்டரிடம் காட்டுங்க.

அடுத்த எபிசோடில் சந்திப்போம்!