மூளைக்குத் தெரியாமல் நடப்பவை

உடம்பில் நடப்பது அனைத்தும் மூளையின் வேலை, அதன் கட்டளையைக் கொண்டுபோய்ச் சேர்ப்பது மட்டுமே தண்டுவடத்தின் வேலை. இப்படித்தான் நம்மில் பலர் நினைத்துக்கொண்டிருக்கிறோம். ஒன்பதாம், பத்தாம் வகுப்பில் படித்த 'அனிச்சைச் செயல்' தேர்வோடு மறந்துபோகிறது. பிறகு மருத்துவமனைக் கட்டிலருகே நிற்கும் ஒரு நாளில் இந்த அரைகுறை எண்ணம் வீண் நம்பிக்கையாகவோ வீண் சந்தேகமாகவோ தலைதூக்குகிறது. சில சமயம் உயிருக்கே ஆபத்தாகவும் முடிகிறது. தண்டுவடத்தின் நடுவில் இருக்கும் சாம்பல் நிறப் பகுதி என்ன செய்கிறது என்று தெரிந்துகொண்டால் இவற்றில் பலவற்றைத் தவிர்க்கலாம்.

நம்பிக்கை 1: தண்டுவடம் என்பது மூளைக்கும் உடம்புக்கும் நடுவே ஓடும் வயர்.

இது பாதி உண்மை. வளர்ந்த ஒருவரின் தண்டுவடம் ஏறக்குறைய 45 செ.மீ. நீளம், சுண்டுவிரல் பருமன். குறுக்கே வெட்டினால் வெளிவட்டம் வெண்மையாகவும், உள்ளே பட்டாம்பூச்சி வடிவில் ஒரு பகுதி சாம்பல் நிறமாகவும் தெரியும். வயர் என்று சொல்லத்தக்கது வெண்பகுதிதான். செய்திகளை மேலும் கீழும் சுமக்கும் நரம்பிழைகள் அங்கே ஓடுகின்றன. சாம்பல் பகுதியில் இருப்பவை நியூரான்கள் எனப்படும் நரம்பணுக்களின் உடல்களும் அவை ஒன்றோடொன்று பேசும் சந்திப்புகளும். வந்த செய்தியை எடைபோட்டு முடிவெடுக்கும் இடம் அது.

பட்டாம்பூச்சியின் முதுகுப்பக்க இறக்கைகளைப் பின்கொம்பு என்பார்கள். தொடுகை, வலி, சூடு பற்றிய செய்திகள் அங்கே வந்து இறங்குகின்றன. வயிற்றுப்பக்க இறக்கைகள் முன்கொம்பு. தசைகளைச் சுருங்கவைக்கும் இயக்க நியூரான்கள் அங்கே குடியிருக்கின்றன. மார்புப் பகுதியிலும் இடுப்புப் பகுதியின் தொடக்கத்திலும் சிறிய பக்கக் கொம்பு ஒன்றும் உண்டு. வியர்வை, ரத்தக்குழாய்களின் இறுக்கம், இதயத்துடிப்பின் வேகம் ஆகியவற்றில் அதற்குப் பங்கு இருக்கிறது. 1952இல் சுவீடனைச் சேர்ந்த ப்ரோர் ரெக்செட் பூனையின் தண்டுவடத்தை நுண்ணோக்கியில் ஆராய்ந்து, இந்தச் சாம்பல் பகுதியைப் பத்து மண்டலங்களாக வகுத்தார். மனிதத் தண்டுவடத்துக்கும் இன்றுவரை அந்த வரைபடம்தான்.

சூடான தோசைக்கல்லில் விரல் படும்போது நடப்பதைப் பாருங்கள். செய்தி பின்கொம்புக்கு வருகிறது. இடைநியூரான்கள் அதை வாங்கி முன்கொம்புக்குக் கடத்துகின்றன. கையை மடக்கும் தசைகள் சுருங்குகின்றன. அதே நொடியில் கையை நீட்டும் தசைகளுக்கு 'அடங்கு' என்ற உத்தரவும் போகிறது. நெருஞ்சி முள்ளில் கால் வைத்தால் இன்னும் ஒரு படி கூடுதல்: மிதித்த கால் மடங்கும்போது மறுகால் விறைத்து உடம்பைத் தாங்கிக்கொள்கிறது. இவ்வளவும் தண்டுவடத்துக்குள்ளேயே முடிந்த பிறகுதான் மூளைக்கு வலி தெரிகிறது. தாலுகா அலுவலகத்திலேயே தீர்ந்த விவகாரத்தின் நகல் கலெக்டருக்குப் போவது போல.

கலெக்டருக்கு அதிகாரம் இல்லாமலும் இல்லை. கொதிக்கும் ரசப் பாத்திரத்தைத் தூக்கியவர் விரல் சுட்டாலும் மேடையில் வைக்கும்வரை விடுவதில்லை. மேலிருந்து வரும் உத்தரவு தண்டுவடத்தின் முடிவைச் சற்று நேரம் நிறுத்திவைக்கிறது. இந்த மேலதிகாரத்தை நினைவில் வையுங்கள். அது அறுபடும்போது என்ன ஆகிறது என்பதில்தான் அடுத்து வரும் பல குழப்பங்களுக்கு விடை இருக்கிறது.

நம்பிக்கை 2: போலியோ காலைத் தாக்கும் நோய். ரணஜன்னி மூளைக்கு ஏறும் நோய்.

இரண்டுமே முதன்மையாகத் தாக்குவது முன்கொம்பு இருக்கும் இடத்தைத்தான். போலியோ வைரஸ் இயக்க நியூரான்களைத் தேடிக் கொல்கிறது. கட்டளை தரும் அணு செத்துப்போனதால் தசை சூம்புகிறது. பின்கொம்பை அது பெரிதும் விட்டுவிடுவதால் தொடு உணர்ச்சி போவதில்லை. இளம்பிள்ளை வாதத்தால் கால் சூம்பியவருக்கு அந்தக் காலில் எறும்பு ஊர்ந்தாலும் தெரியும். கோளாறு காலில் இல்லை என்பதால் எண்ணெய்த் தேய்ப்பு இறந்த நியூரானை உயிர்ப்பிக்காது. மூட்டு இறுகாமல் இருக்கப் பயிற்சி உதவும், அவ்வளவுதான். தடுப்பு மருந்து அதை வராமலேயே தடுத்தது. இந்தியாவில் இயற்கை வைரஸால் வந்த கடைசி நோயாளி 2011 ஜனவரியில் மேற்கு வங்கத்தில் பதிவானார். 2014 மார்ச்சில் நாடு போலியோ அற்றதாகச் சான்று பெற்றது.

ரணஜன்னி, அதாவது டெட்டனஸ், வேறு வழியில் வேலை செய்கிறது. காயத்தில் வளரும் கிருமியின் நஞ்சு நரம்பு வழியே ஊர்ந்து சாம்பல் பகுதிக்கும் மூளைத்தண்டுக்கும் வந்து, அங்கே 'அடங்கு' என்று சொல்லும் இடைநியூரான்களின் வாயைக் கட்டிவிடுகிறது. மடக்கும் தசையும் நீட்டும் தசையும் ஒரே நேரத்தில் இறுக, உடம்பு வில்லாய் வளைகிறது. எட்டிக்கொட்டையில் உள்ள ஸ்ட்ரிக்னின் செய்வதும் கிட்டத்தட்ட இதையே. நோயாளிக்கு நினைவு தெளிவாக இருக்கும் என்பதுதான் கொடுமை. பிதற்றுகிறார், புத்தி போய்விட்டது என்று யாரும் எண்ணிவிடக் கூடாது. இன்னொன்று: இதற்குக் காரணம் ஆணியின் துரு அல்ல. மண்ணிலும் சாணத்திலும் இருக்கும் கிருமி எந்த ஆழமான காயத்திலும் புகலாம்.

நம்பிக்கை 3: முதுகுத்தண்டில் அடிபட்டால் எல்லாமே போச்சு.

எந்த உயரத்தில் அடி விழுந்தது என்பதைப் பொறுத்தது அது. சாம்பல் பகுதி மேலிருந்து கீழ்வரை ஒரே பருமனில் இருப்பதில்லை. கழுத்தின் கீழ்ப்பகுதியில் கைகளுக்காகவும், இடுப்புப் பகுதியில் கால்களுக்காகவும் அது புடைத்திருக்கிறது. மூச்சுக்கான உதரவிதானத்தை நடத்தும் நியூரான்கள் கழுத்தின் மூன்றாம் துண்டத்திலிருந்து ஐந்தாம் துண்டம் வரை இருக்கின்றன. சிறுநீர், மலம் சார்ந்தவை திரிகப் பகுதியில், தண்டுவடத்தின் வால்முனை அருகே. ஆகவே மார்பு மட்டத்தில் அடிபட்டவருக்குக் கால்கள் செயலிழந்தாலும் கைகள் முழு வலுவோடு இருக்கும்.

வேலூர் சி.எம்.சி. மருத்துவர் மேரி வர்கீஸ் 1954இல் கார் விபத்தில் இடுப்புக்குக் கீழ் செயலிழந்தார். சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவை சிகிச்சை செய்தார். பிறகு அமெரிக்காவில் மறுவாழ்வு மருத்துவம் படித்துத் திரும்பி, அத்துறையை வேலூரில் வளர்த்தார்.

நம்பிக்கை 4: அடிபட்டுச் சில வாரங்களில் கால் தானாகத் துள்ளினால், குணமாகிவருகிறது என்று அர்த்தம்.

வீட்டாரை அதிகம் ஏமாற்றும் காட்சி இது. தண்டுவடம் அறுபட்டவுடன் காயத்துக்குக் கீழே உள்ள பகுதி அதிர்ச்சியில் அடங்கிக் கிடக்கும், கால்கள் துவண்டிருக்கும். சில நாட்களிலோ வாரங்களிலோ அந்தச் சாம்பல் பகுதி விழித்துக்கொள்கிறது. ஆனால் மேலிருந்து அடக்கிவைக்கும் உத்தரவு இப்போது வருவதில்லை. போர்வை உரசினாலே கால் வெடுக்கென்று மடங்குகிறது, தசைகள் விறைக்கின்றன. கீழுள்ள நியூரான்கள் உயிரோடு இருப்பதற்கு இது சான்று. மூளையோடு தொடர்பு மீண்டதற்குச் சான்று அல்ல. சொன்னபோது பெருவிரலை அசைக்க முடிகிறதா, ஆசனவாய்ப் பகுதியில் தொட்டால் தெரிகிறதா என்று மருத்துவர் சோதிப்பது அந்தத் தொடர்பைத் தேடித்தான். அங்கே பதில் கிடைத்தால் முன்னேற்றத்துக்கு நியாயமான இடம் உண்டு.

கீழே உயிரோடிருக்கும் பகுதி வெறுமனே உதைப்பதோடு நிற்பதும் இல்லை. 1911இல் தாமஸ் கிரஹாம் பிரவுன், மூளைத் தொடர்பும் கால்களிலிருந்து வரும் உணர்வும் துண்டிக்கப்பட்ட பூனைகளின் தண்டுவடம் நடைக்குரிய தாளத்தைத் தானாகவே எழுப்புவதைக் காட்டினார். இடது, வலது என்று மாறிமாறிக் கால் எடுக்கும் திட்டம் இடுப்புப் பகுதிச் சாம்பலிலேயே எழுதப்பட்டிருக்கிறது. அந்த அறிவின் மேல்தான் இன்றைய ஆய்வுகள் நிற்கின்றன. 2018இல் சுவிட்சர்லாந்தின் லோசானில் கிரெகுவார் கூர்த்தின் குழுவினர், இடுப்புத் தண்டுவடத்தின் மேல் மின்முனைகள் பொருத்தி, சரியான நேரத்தில் துடிப்புகள் தந்து, முடங்கியிருந்த சிலரைத் தாங்கு கருவிகளோடு நடக்கவைத்தனர். இது ஆய்வு நிலையில் உள்ள முறை. 'ஸ்டெம் செல் ஊசி போட்டால் எழுந்து நடப்பார்' என்று பணம் கேட்பவர்களிடம் இதைக் குழப்பிக்கொள்ளாதீர்கள். தண்டுவடக் காயத்துக்கு அதை வழக்கமான சிகிச்சையாக இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சிலின் (ஐ.சி.எம்.ஆர்.) விதிமுறைகள் ஏற்கவில்லை.

நம்பிக்கை 5: உணர்ச்சியே இல்லாத இடத்தில் என்ன ஆனாலும் அவருக்கு ஒன்றும் செய்யாது.

இந்த நம்பிக்கை உயிரைப் பறிக்கும். கழுத்திலோ மேல் மார்பிலோ அடிபட்டவரின் சிறுநீர்ப்பை நிரம்பினால் அவருக்குத் தெரியாமல் இருக்கலாம். காயத்துக்குக் கீழேயுள்ள சாம்பல் பகுதிக்குத் தெரியும். பக்கக் கொம்பின் நியூரான்கள் ரத்தக்குழாய்களை இறுக்க, ரத்த அழுத்தம் சட்டென்று எகிறுகிறது. மண்டையைப் பிளக்கும் தலைவலி, முகச்சிவப்பு, காயத்துக்கு மேலே வியர்வை. கவனிக்காவிட்டால் மூளையில் ரத்தக்கசிவு வரை போகும். இந்த அறிகுறிகள் தெரிந்தால் முதலில் அவரை நிமிர்த்தி உட்காரவையுங்கள். இறுக்கமான உடையைத் தளர்த்துங்கள். சிறுநீர்க் குழாய் மடங்கியோ அடைபட்டோ இருக்கிறதா என்று பாருங்கள். மலச்சிக்கல், படுக்கைப்புண், ஏன், உள்நோக்கி வளர்ந்த கால்நகம்கூட இதைத் தூண்டலாம். காரணம் அகப்படாவிட்டால் தாமதிக்காமல் மருத்துவமனை.

நம்பிக்கை 6: இடது கை வலித்தால் வாயுப்பிடிப்பு.

சில சமயம் அது இதயத்தின் வலி. இதயத்திலிருந்து வரும் வலி நரம்புகள் மார்புத் தண்டுவடத்தின் மேல் துண்டங்களுக்குள் நுழைகின்றன. இடது கையின் உட்புறத் தோலிலிருந்து வருபவையும் அங்கேதான் சேர்கின்றன. பின்கொம்பில் இரு தரப்புச் செய்திகளும் ஒரே நியூரானில் விழுவதால், வழக்கமாக அங்கிருந்து கையின் சேதியையே கேட்டுப் பழகிய மூளை, கைதான் வலிக்கிறது என்று எடுத்துக்கொள்கிறது. உதரவிதானத்தை உறுத்தும் பித்தப்பைக் கோளாறு வலது தோளில் வலிப்பதும் இதே கணக்கில்தான். நெஞ்சில் பாரம், வியர்வை, இடது கையிலோ தாடையிலோ வலி சேர்ந்து வந்தால் சோடாவும் ஓமத்தண்ணீரும் குடித்துக் காத்திருக்க வேண்டாம்; 108ஐ அழையுங்கள்.

இடித்துக்கொண்ட முழங்காலைத் தேய்த்துவிட்டால் வலி குறைவது மனப்பிரமை என்பதும் தவறு. தொடுகைச் செய்தி பின்கொம்பில் வலிச் செய்தியை மட்டுப்படுத்துகிறது என்ற கருத்தை 1965இல் ரொனால்ட் மெல்சாக்கும் பேட்ரிக் வாலும் முன்வைத்தனர். அதன் நுணுக்கங்கள் பிறகு திருத்தப்பட்டன. வலி மேலே போகும் முன்பே தண்டுவடத்தில் கூட்டிக் குறைக்கப்படுகிறது என்ற அடிப்படை நிலைத்துவிட்டது.

நம்பிக்கை 7: பிரசவத்தில் முதுகில் போடும் ஊசி தண்டுவடத்தில் குத்தி, ஆயுளுக்கும் முதுகுவலி தரும்.

தண்டுவடம் முதுகெலும்பின் அடிவரை வருவதில்லை. பெரியவர்களுக்கு இடுப்பின் முதல், இரண்டாம் முள்ளெலும்புகள் அருகிலேயே முடிந்துவிடுகிறது. ஊசி போடுவது அதற்கும் கீழே, நரம்பு வேர்கள் மட்டும் திரவத்தில் மிதக்கும் இடத்தில். சிலருக்குச் சில நாள் தலைவலி வருவது உண்மை. அதற்குச் சிகிச்சை உண்டு. நீண்டகால முதுகுவலிக்குக் கர்ப்பகால மாற்றங்கள், குனிந்து குழந்தையைத் தூக்குவது போன்ற காரணங்களைத் தேடுவதே பொருத்தம்.

நம்பிக்கை 8: மூளைச்சாவு என்றார்கள், ஆனால் விரல் அசைந்ததே! உயிர் இருக்கிறது.

2008 முதல் இறந்தோரின் உறுப்பு தானத்தை முறைப்படுத்தி நடத்திவரும் தமிழ்நாட்டில் இந்தக் கேள்வி பல குடும்பங்களை வதைத்திருக்கிறது. அவர்கள் கண்டது பொய்யல்ல. மூளையும் மூளைத்தண்டும் மாண்ட பிறகும், செயற்கைச் சுவாசத்தில் ரத்தம் ஓடிக்கொண்டிருக்கும்வரை தண்டுவடத்தின் சாம்பல் பகுதி பிழைத்திருக்க முடியும். விரல் துடிக்கலாம், பாதத்தைத் தொட்டால் கால் மடங்கலாம், அரிதாகக் கைகள் உயர்ந்து மார்பின் மேல் வந்து விழவும் செய்யலாம். அதனால்தான் பரிசோதனை விரலைப் பார்ப்பதில்லை. கண்மணி வெளிச்சத்துக்குச் சுருங்குகிறதா, குழாயை உள்ளே செலுத்தினால் இருமல் வருகிறதா, கருவியை நிறுத்தினால் சுவாசம் தானே எழுகிறதா என்றே பார்க்கிறார்கள். இந்தியச் சட்டப்படி நான்கு மருத்துவர்கள் கொண்ட குழு, குறைந்தது 6 மணி நேர இடைவெளியில் இரு முறை சோதித்தே சான்றளிக்க வேண்டும்.

நான்காம் நம்பிக்கையில் கால் துள்ளியது, எட்டாவதில் விரல் அசைந்தது. இரண்டையும் மூளையின் கணக்கில் எழுதியதுதான் பிழை. அசைவைப் பார்த்ததும் மருத்துவரிடம் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இது சொன்னால் வருகிறதா, தானாக வருகிறதா?