வெயிலை உண்டு வளரும் இராட்சத மட்டி

மாணவர்களே! கடற்கரையில் கிடக்கும் ஒரு சிப்பி ஓட்டை எடுத்து உற்றுப் பாருங்கள். செம்பாக்கம், தாம்பரம் பகுதியில் வசிப்பவர்களுக்குக் கிழக்கே ஒரு மாலைப் பயணம் போதும். ஓட்டின் முதுகில் வில் வில்லாகப் பல கோடுகள் ஓடுவது தெரியும். மட்டியின் உடலைப் போர்த்தியிருக்கும் மெல்லிய சதைமடிப்பு, ஓட்டின் விளிம்பில் சுண்ணாம்பைப் படிய வைத்துக்கொண்டே இருக்கிறது. இதற்கு மென்போர்வை என்று பெயர். வளர்ச்சி விரைவாக உள்ள காலத்தில் கோடுகள் அகன்றும், தளர்ந்த காலத்தில் நெருங்கியும் அமைகின்றன.

ஆனால் ஒவ்வொரு கோட்டையும் ஓராண்டு என்று எண்ணிவிடக் கூடாது. உணவுக் குறைவு, புயல் போன்ற இடையூறுகளாலும் கோடு விழும். ஆகவே விஞ்ஞானிகள் ஓட்டைக் குறுக்கே அறுத்து, மெருகேற்றி, நுண்ணோக்கியில் பார்த்தே வயதைக் கணிக்கின்றனர். இராட்சத மட்டியின் ஓட்டில் நாள்தோறும் படிந்த நுண்கோடுகளைக்கூடக் காண முடிகிறது.

பெரியதெல்லாம் முதியதா?

மட்டிகளில் மிகப் பெரியது டிரைடாக்னா ஜைகாஸ். இதன் ஓடு 1.2 மீட்டருக்கு மேலும் வளரும்; எடை 200 கிலோவைத் தாண்டும். நூறாண்டுக்கு மேலும் இது உயிர்வாழக் கூடும். எனினும் வயதில் முதலிடம் இதற்கு இல்லை. 2006ஆம் ஆண்டு ஐஸ்லாந்துக் கடலில் எடுக்கப்பட்ட ஆர்க்டிகா ஐலாண்டிகா என்ற மட்டியின் வயது 507 என்று 2013இல் கணக்கிடப்பட்டது. வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுக்கு வந்த மறு ஆண்டு, அதாவது 1499இல், பிறந்த மட்டி அது! ஆனால் அளவோ உள்ளங்கையில் அடங்கிவிடும். குளிர்ந்த கடலில் அதன் உடல் மிக மெதுவாக இயங்குகிறது, வளர்ச்சியும் மெதுவே.

அப்படியானால் இராட்சத மட்டி மட்டும் இவ்வளவு பெரிதாக வளர்வது எப்படி?

உடலுக்குள் ஒரு தோட்டம்

மற்ற மட்டிகளைப் போலவே இதுவும் நீரை உள்ளிழுத்து, செவுள்களால் நுண்ணுயிரிகளை வடிகட்டி உண்கிறது. ஆனால் அது மட்டுமல்ல. இதன் மென்போர்வைக்குள் கோடிக்கணக்கான ஒருசெல் பாசிகள் குடியிருக்கின்றன. பகலில் மட்டி ஓட்டைத் திறந்து மென்போர்வையை வெயிலில் விரிக்கிறது. பாசிகள் ஒளிச்சேர்க்கை செய்து சர்க்கரை போன்ற உணவுப் பொருள்களை மட்டிக்குத் தருகின்றன. மட்டி தன் கழிவிலுள்ள நைட்ரஜனையும் கரியமில வாயுவையும் பாசிக்குத் தருகிறது. மென்போர்வையில் நீலமும் பச்சையுமாக மின்னும் செல்கள் வெறும் அலங்காரமல்ல. பாசிக்குப் பயன்படும் ஒளியை அவை உள்ளே சிதறி அனுப்புகின்றன.

எனவே இம்மட்டிக்கு வெயில் நன்கு ஊடுருவும் தெளிந்த, ஆழமற்ற கடல் தேவை. பவளத்திட்டுகளில் இது வாழ்வதன் காரணம் இப்போது விளங்குகிறது அல்லவா?

அக்கம்பக்கம் வேண்டும்

இம்மட்டி இளமையில் ஆண். முதிர்ந்தபின் ஆணும் பெண்ணுமான இருபாலுயிரி. முதலில் விந்தணுக்களையும், பிறகு முட்டைகளையும் நீரில் வெளியிடுகிறது. தன் முட்டையைத் தானே கருவுறச் செய்வது இதனால் பெரிதும் தவிர்க்கப்படுகிறது. பெரிய மட்டி ஒரே தடவையில் பல கோடி முட்டைகளை இடும். அவற்றிலிருந்து வரும் இளவுயிரிகள் சில நாட்கள் நீந்தித் திரிந்தபின் தரையில் அமர்கின்றன. பாசியைத் தாயிடமிருந்து பெறுவதில்லை. கடல்நீரிலிருந்தே ஒவ்வொன்றும் புதிதாகப் பெற வேண்டும். பெரும்பாலானவை மீன், நண்டுகளுக்கு இரையாகின்றன.

இங்கேதான் ஆபத்து இருக்கிறது. நகர முடியாத இவ்வுயிரி துணையைத் தேடிப் போகாது. அண்டையில் வேறு மட்டி இல்லையேல், கோடி முட்டைகள் இட்டும் அவை கருவுறாமல் வீணாகும். நூறாண்டு ஆயுள் இருந்தும் பயனில்லை.

நம் நாட்டில்

இந்தியாவில் இராட்சத மட்டி இனங்கள் லட்சத்தீவிலும் அந்தமான் நிக்கோபார் தீவுகளிலும் உள்ளன. லட்சத்தீவில் காணப்படும் டிரைடாக்னா மாக்சிமா ஒரு முழ நீளத்தைத் தாண்டாதது. கடல்நீர் அளவுக்கு மீறிச் சூடேறினால் மட்டியின் உடலிலிருந்து பாசிகள் வெளியேறிவிடும். மென்போர்வை வெளுத்து மட்டி பட்டினி கிடக்கும். 1998, 2010, 2016 ஆகிய ஆண்டுகளில் லட்சத்தீவுக் கடல் இவ்வாறு சூடேறிப் பவளங்கள் வெளுத்தன. பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் தீபக் ஆப்தேயும் குழுவினரும் அங்கு 14 ஆண்டுகள் இம்மட்டிகளைக் கண்காணித்து, வெப்பத்தால் அவை பாதிக்கப்படுவதை 2019இல் எடுத்துரைத்தனர்.

மனிதர்களும் சும்மா இருக்கவில்லை. ஓட்டை மூடும் தசையின் சுவைக்காகப் பசிபிக் திட்டுகளில் இவை வாரி எடுக்கப்பட்டன. டிரைடாக்னா ஜைகாஸ் 2024இல் மிக அருகிவிட்ட இனமாக அறிவிக்கப்பட்டது. நம் நாட்டிலோ 2001 முதல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இராட்சத மட்டிகளுக்குக் காவலாக உள்ளது. ஓட்டை அலங்காரப் பொருளாக விற்பதும் வாங்குவதும் குற்றம். முதிர்ந்த மட்டி ஒன்றை இழந்தால், அந்த இடத்தை நிரப்ப இன்னொன்று அத்தனை ஆண்டுகள் வளர்ந்தாக வேண்டும்.

சிந்தியுங்கள்

1. கலங்கிய நீரில் இராட்சத மட்டி வளர முடியாதது ஏன்?
2. ஒரு திட்டில் நூறு மட்டிகள் நெருங்கி வாழ்கின்றன; மற்றொன்றில் அதே நூறு மட்டிகள் வெகு தொலைவில் சிதறி வாழ்கின்றன. எதில் குஞ்சுகள் அதிகம் தோன்றும்? ஏன்?