சிறுநீர்ப்பையில் வாழும் நுண்ணங்கிகள்

மாணவர்களே, சிறுநீர்த் தொகுதி பற்றிய பாடத்தில் சிறுநீரின் கூறுகளைக் கற்றிருப்பீர்கள்: நீர், யூரியா, யூரிக்கமிலம், உப்புகள். அந்தப் பட்டியலின் அடியில், “சுகதேகி ஒருவரின் சிறுநீரில் பற்றீரியாக்கள் இல்லை” என்ற வசனத்தையும் பழைய குறிப்புக் கொப்பிகள் சிலவற்றில் காணலாம். இவ்வசனம் இன்று சரியன்று. நூறாண்டுக்கு மேலாக அது ஏன் சரியெனக் கருதப்பட்டது என்று பார்ப்போம். நுண்ணங்கிகளின் வளர்ச்சிக்குத் தேவையான நிபந்தனைகள் என்ற பகுதியும் இதனோடு விளங்கிவிடும்.

1860களில் பிரான்சில் லூயி பாஸ்டர், உயிரற்றவற்றிலிருந்து உயிர் தானாகத் தோன்றுவதில்லை எனக் காட்டப் பல பரிசோதனைகள் செய்தார். கிருமியழித்த பாத்திரத்தில் கவனமாகச் சேகரித்த சிறுநீர் கெடாமல் இருந்தது அவற்றுள் ஒன்று. அவர் நிறுவ விரும்பியது வேறு விடயம். ஆயினும் “சிறுநீர் கிருமியற்றது” என்ற கருத்துக்கும் இதுவே ஆதாரமாயிற்று.

1950களில் அமெரிக்க மருத்துவரான எட்வேட் காஸ் ஓர் எல்லையை வகுத்தார். ஒரு மில்லிலீற்றர் சிறுநீரில் 100 000 அல்லது அதற்கு மேற்பட்ட பற்றீரியாக்கள் இருப்பின் அது தொற்று; குறைவாயின் பெரும்பாலும் தோலிலிருந்து கலந்தவை. தொற்றையும் கலப்பையும் வேறுபடுத்தவே இவ்வெல்லை வகுக்கப்பட்டது. காலப்போக்கில் “எல்லைக்குக் குறைவு” என்பது “இல்லை” என்றே வாசிக்கப்படலாயிற்று.

இனி ஆய்வுகூடத்தில் வழமையாகச் செய்யப்படும் சோதனையைக் கவனியுங்கள். 1 மைக்குரோலீற்றர் சிறுநீர் ஏகார் வளர்ப்பூடகத்தில் பூசப்பட்டு, வளியில், ஏறத்தாழ 35 பாகை செல்சியசில், 24 மணித்தியாலம் வைக்கப்படும். ஒரு மில்லிலீற்றர் என்பது 1000 மைக்குரோலீற்றர். மாதிரியின் ஒரு மில்லிலீற்றரில் 200 பற்றீரியாக்கள் இருப்பதாகக் கொள்வோம். அப்படியாயின் ஒரு மைக்குரோலீற்றரில் இருப்பது சராசரியாக 0.2 பற்றீரியா. எனவே பெரும்பாலான தடவைகளில் கிண்ணத்தில் ஒன்றுகூட விழாது. அறிக்கையில் “வளர்ச்சி இல்லை” என்றே வரும். விழுந்தாலும், ஒட்சிசனைத் தாங்காத இனமோ மெதுவாக வளரும் இனமோ 24 மணித்தியாலத்தில் கண்ணுக்குத் தெரியப்போவதில்லை. இச்சோதனை எஸ்செரீசியா கோலி போன்று விரைவாக வளர்பவற்றைப் பிடிப்பதற்கு நன்கு பொருந்தும். அதற்காகவே அது அமைக்கப்பட்டது.

சிக்காகோவிலுள்ள லொயோலா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2012 இல் வேறு வழியில் சென்றனர். தோலிலிருந்து பற்றீரியா கலவாதவாறு, மெல்லிய குழாய் மூலமும் வயிற்றுச் சுவரினூடாக ஊசி மூலமும் சிறுநீர்ப்பையிலிருந்தே சிறுநீரை எடுத்தனர். வளர்ப்பதற்குப் பதிலாக அதில் பற்றீரியாக்களின் டி.என்.ஏ. உள்ளதா எனத் தேடினர். இருந்தது. ஆனால் இறந்த கலங்களிலிருந்தும் டி.என்.ஏ. கிடைக்கலாமல்லவா? அந்த ஐயத்தைத் தீர்க்க, 2014 இல் 100 மைக்குரோலீற்றர் வரை சிறுநீரைப் பயன்படுத்தி, ஒட்சிசன் உள்ள, அற்ற, காபனீரொட்சைட்டு கூடிய நிலைமைகளில் 48 மணித்தியாலம் வளர்த்தனர். 65 பெண்களின் மாதிரிகளுள் 52 இல் பற்றீரியாக்கள் வளர்ந்தன. இந்த 52 இல் 48 மாதிரிகளுக்கு வழமையான சோதனை “வளர்ச்சி இல்லை” என்று கூறியிருந்தது!

ஓர் இடத்தில் வாழும் நுண்ணங்கிகள் எல்லாவற்றையும் சேர்த்து நுண்ணங்கித் தொகுதி என்கிறோம். சிறுநீர்ப்பையின் தொகுதி குடலினதைப் போல அடர்த்தியானதன்று. பெண்கள் பலரில் இலற்றோபசிலசு இனங்கள் மிகுந்து காணப்படுகின்றன. இவை இலற்றிக்கமிலத்தை உண்டாக்கிச் சூழலை அமிலத்தன்மையாக்குவதால், தீங்கு செய்யும் சில இனங்களின் வளர்ச்சி தடைப்படலாம். சிறுநீரை அடக்க முடியாமல் அவதியுறும் பெண்களில் இலற்றோபசிலசு குறைந்தும் காட்னரெல்லா கூடியும் இருந்ததை 2014 இல் வெளிவந்த இன்னோர் ஆய்வு காட்டியது. இங்கே அவதானம் தேவை. இரண்டும் சேர்ந்து காணப்பட்டன என்பதால் ஒன்றே மற்றதற்குக் காரணம் எனக் கூற முடியாது. நோயால் தொகுதி மாறியிருக்கவும் கூடும்.

சிறுநீர்த் தொற்றில் நிலைமை தெளிவானது. பெரும்பாலும் குடலில் வாழும் எஸ்செரீசியா கோலி சிறுநீர்வழியூடாக மேலேறி, மயிர் போன்ற நுண்ணிய வெளிநீட்டங்களால் சிறுநீர்ப்பையின் சுவரில் ஒட்டிக்கொள்கிறது. பெண்களின் சிறுநீர்வழி ஏறத்தாழ 4 சென்ரிமீற்றர், ஆண்களினது ஏறத்தாழ 20 சென்ரிமீற்றர். எனவேதான் இத்தொற்று பெண்களில் அதிகம். சிறுநீர் வெளியேறும்போது ஒட்டாதவை கழுவப்பட்டுவிடும். அடிக்கடி தொற்று ஏற்படும், குறைவாக நீரருந்தும் 140 பெண்களைக் கொண்டு செய்த ஆய்வொன்று 2018 இல் வெளியானது. நாளொன்றுக்கு மேலதிகமாக 1.5 லீற்றர் நீர் அருந்தியோருக்கு ஓராண்டில் ஏற்பட்ட தொற்றுகள் ஏனையோருக்கு ஏற்பட்டவற்றில் ஏறத்தாழ அரைவாசியே. பாடசாலை மலசலகூடத்துக்குச் செல்ல விரும்பாமல் காலையிலிருந்து தண்ணீர் குடிக்காதிருக்கும் மாணவிகள் இதைக் கவனிக்க வேண்டும். அந்த மலசலகூடத்தைத் துப்புரவாக வைத்திருக்க வேண்டியவர்களும் கவனித்தால் நல்லது.

எரிவு, வலி, காய்ச்சல் இருப்பின் வைத்தியரிடம் செல்லுங்கள். தாமதித்தால் தொற்று சிறுநீரகத்தை அடையலாம். வைத்தியர் தரும் நுண்ணுயிர்க்கொல்லி மருந்தை அவர் கூறிய நாட்கள் முழுவதும் எடுக்க வேண்டும். ஆனால் அறிகுறி எதுவும் இல்லாதபோது சிறுநீரில் பற்றீரியா உண்டு என்பதற்காக மட்டும் மருந்து எடுப்பது நன்மை தராது. அடிக்கடி தொற்றுக்குள்ளாகும் இளம் பெண்களில், அறிகுறியற்ற பற்றீரியாக்களை மருந்தால் அழித்தபோது, மருந்து கொடுக்கப்படாதோரைவிடக் கூடுதலானோருக்குத் தொற்று மீண்டதை 2012 இல் வெளிவந்த இத்தாலிய ஆய்வு காட்டியது. அழிக்கப்பட்டவற்றுள் காவலாக இருந்தவையும் அடங்கியிருக்கலாம். கர்ப்பிணிகளுக்கு இது பொருந்தாது. அவர்களுக்கு அறிகுறி இல்லாவிடினும் சிகிச்சை அவசியம்.

பரீட்சையில் சிறுநீரின் கூறுகள் கேட்கப்பட்டால் யூரியா முதலியவற்றையே எழுதுங்கள். பற்றீரியாவைக் கூறாகச் சேர்க்க வேண்டாம். பின்வருவது போன்ற வினாவில் மேற்கூறியவை பயன்படும்.

மாதிரி வினா: மாணவன் ஒருவன் சிறுநீர் மாதிரியொன்றின் ஒரு துளியை ஏகார் கிண்ணத்தில் இட்டு, வளியில் 24 மணித்தியாலம் வைத்தான். எதுவும் வளரவில்லை. “மாதிரியில் பற்றீரியா இல்லை” என முடிவு செய்தான்.
(அ) இம்முடிவு தவறாக இருப்பதற்கான இரு காரணங்கள் தருக.
(ஆ) இன்னொரு கிண்ணத்தில் பற்றீரியா வளர்ந்தது. அது சிறுநீரிலிருந்தே வந்தது எனக் காட்ட அவன் அமைக்க வேண்டிய கட்டுப்பாட்டைக் குறிப்பிடுக.

விடை: (அ) எடுத்த கனவளவு போதாமை, ஒட்சிசன் உள்ள நிலைமை சில இனங்களுக்குப் பொருந்தாமை. (24 மணித்தியாலம் போதாது என்பதும் ஏற்கப்படும்.) (ஆ) சிறுநீருக்குப் பதிலாகக் கிருமியழித்த நீரை, அதே வகைக் குழாயால் எடுத்து, அதே ஊடகத்தில் இட்டு, அதே நிலைமையில் வைத்தல். அதில் எதுவும் வளரக் கூடாது.